பத்தாவது தட்டு

காபிக் கடைக்காரனை அவமானப்படுத்தப் பல வழிகள் இருக்கின்றன. அவற்றில் மோசமானது, அவன் பார்த்துப் பார்த்துச் சொட்டுச் சொட்டாக இறக்கிக் கொடுத்த காபியைத் தொடாமல் வைத்து ஆறவிடுவது. ஹிரானுமா மசாயோ இருபது வருஷத்துக்கு மேலாக என் கடையில் அதைத்தான் செய்தாள். கோப்பையை முன்னால் வைத்துக்கொண்டு ஆவி அடங்கும்வரை அதையே பார்த்தபடி உட்கார்ந்திருப்பாள். ஆறின கஞ்சி பழங்கஞ்சி என்றால் ஆறின காபி வெறும் கழுநீர். வந்த புதிதில் சொல்லிப் பார்த்தேன்.

“கோவிச்சுக்காதீங்க மாஸ்டர். எனக்குப் பூனை நாக்கு,” என்றாள்.

சூடு பொறுக்காதவர்களை நாங்கள் அப்படித்தான் சொல்வோம். அதற்கு மேல் என்ன பேசுவது? அவள் காசு கொடுக்கிறாள், கழுநீர் குடிக்கிறாள், போகட்டும் என்று விட்டுவிட்டேன்.

கடை கிதா-செஞ்சு ரயில் நிலையத்துக்குப் பின்னால் உள்ள சந்தில் இருக்கிறது. மீன் சந்தையிலிருந்து பொடிநடையாக வந்துவிடலாம். மசாயோ பள்ளிக்கூடம் முடித்த கையோடு அந்தச் சந்தையில் ஒரு மொத்த வியாபாரியிடம் வேலைக்குச் சேர்ந்தவள். விடியுமுன்னே போய் மீன் நிறுப்பாள், பனிக்கட்டி அள்ளிப் பெட்டியில் கொட்டுவாள், சீட்டு எழுதுவாள். முற்பகலில் வேலை முடிந்துவிடும். குட்டையான உருண்டை உடம்பு, தடித்த கண்ணாடி, கழுத்தில் எப்போதும் ஒரு துண்டு. நடுவில் ஒரு லாரி ஓட்டுநரைக் கட்டிக்கொண்டு போய் இரண்டே வருஷத்தில் திரும்பி வந்தாள். ஏன் என்று கேட்டவர்களுக்கெல்லாம் ஒரே பதில்தான்: “அவன் மீன் வாடைன்னான். நான் டீசல் வாடைன்னேன். முடிஞ்சுபோச்சு.”

அவளுடைய முதலாளிக்குத் தெஜிமெ என்றால் உயிர். வியாபாரம் படிந்ததும் கூடி நின்று கைதட்டி முடிக்கிற அந்த வழக்கம் மற்ற கடைகளில் வருஷப் பிறப்புக்கும் பெரிய விற்பனைக்கும்தான். இவருக்கோ ஆளுயரச் சூரை விலைபோனாலும் தட்ட வேண்டும், ஒரு கூடை மத்தி விலைபோனாலும் தட்ட வேண்டும். அவர் ‘இயோ!’ என்று குரல் கொடுத்தால் கடையில் உள்ள எல்லாக் கையும் எழும். மூன்று, மூன்று, மூன்று, கடைசியில் ஒன்று. எங்கள் ஜப்பானிய எழுத்தில், ஒன்பது என்ற எழுத்தில் ஒரு புள்ளி வைத்தால் அது வட்டம் என்ற எழுத்தாகிவிடும். ஒன்பது தட்டிவிட்டு அந்தப் புள்ளியையும் தட்டினால்தான் காரியம் மூளியில்லாமல் வட்டமாக முடிந்தது என்று அர்த்தம். ஒன்பதோடு நிறுத்தினால் வாங்கினவன் முகம் கோணிப் போகும். மசாயோ இப்படி ஒரு நாளைக்கு எத்தனை முறை தட்டினாள் என்பது அந்த மீன்களுக்குத்தான் தெரியும்.

அவளுக்கு முப்பத்தைந்து வயது இருக்கும்போது சந்தை வானொலியில் ஒரு பாட்டு வந்தது. இரண்டு பெண்கள், ஆளுக்கொரு கிட்டார், பின்னால் டிரம் சத்தம். குழுவின் பெயர் நெகோஜிதா. அதாவது பூனை நாக்கு.

“என் பேரையே வச்சிருக்காங்க மாஸ்டர்!” என்று அன்றைக்கு ஓடி வந்தாள். பனிக்கட்டி ஈரம் காயாத ரப்பர் பூட்ஸோடு என் தரையெல்லாம் மிதித்தாள். அதுவரை எதன் மீதும் ஆசைப்பட்டு நான் பார்க்காதவள். அந்த வாரமே ரசிகர் சங்கத்தில் பேர் கொடுத்துவிட்டாள்.

சங்கத்தின் செஞ்சு கிளைக்குத் தலைவர் மொரோசுமி. பியானோவுக்குச் சுருதி சேர்ப்பவர். சட்டைப் பையில் பேனா இருக்க வேண்டிய இடத்தில் சுருதிக்கவை இருக்கும். கோப்பையில் ஸ்பூன் படுகிற சத்தத்தைக் கேட்டு, “மாஸ்டர், போன வாரம் வேற கோப்பை வச்சிருந்தீங்க” என்று சொல்கிற காது. சிரிப்பதற்குக் கூட முன்கூட்டியே அனுமதி வாங்கிக்கொள்கிற மனிதர். இந்த ஆளுக்கு இரண்டு பெண்கள் குதித்துக் குதித்துப் பாடுகிற பாட்டு எப்படிப் பிடித்தது என்று எனக்கு இன்றுவரை விளங்கவில்லை. ஏழெட்டுப் பேரைச் சேர்த்துக்கொண்டு ஞாயிற்றுக்கிழமைதோறும் என் கடையின் பின்மேஜையைப் பிடித்துக்கொண்டார். எனக்கு அந்தப் பாட்டுகள் பிடிக்காது. ஆனால் ஏழெட்டுக் காபி போகிறதே.

நெகோஜிதாவில் ஒருத்தி ரிக்கா, ஒருத்தி செரி. ரிக்கா நெட்டை. மேடையில் பேசவும் மாட்டாள், சிரிக்கவும் மாட்டாள். செரி குட்டை. வாய் மூடாது. மசாயோவுக்கு ரிக்கா என்றால் சாமி. “அவங்க சும்மா நின்னா போதும் மாஸ்டர், அதுவே பாட்டு,” என்பாள். நான் கோப்பை துடைப்பேன்.

வினை யோகோஹாமாவில் நடந்த ஒரு கச்சேரியில் வந்தது. அதை அப்படியே பதிவு செய்து இசைத்தட்டாகப் போடுவதாக முன்னமே சொல்லியிருந்தார்கள். இடமெல்லாம் குலுக்கலில்தான். சங்கத்தில் மற்றவர்களுக்கு மாடியில் ஒன்றும் சரியாகக் கேட்காத மூலைகள் கிடைக்க, மசாயோவுக்கு மட்டும் மேடைக்கு எதிரே இடது பக்கம் மூன்றாவது வரிசை விழுந்தது. அன்றைக்கு ஒரு புதுப் பாட்டு பாடினார்கள். ‘ஆறட்டும்’ என்று பெயர். கிண்ணத்தில் சூப்பு சூடாக இருக்கிறது, மனசும் சூடாக இருக்கிறது, அவசரப்படாதே என்கிற மாதிரிப் பாட்டு. பல்லவி முடிந்ததும் கூட்டம் செரியோடு சேர்ந்து கைதட்ட வேண்டும்: மூன்று, மூன்று, மூன்று. உடனே எல்லாம் நின்றுவிடும். டிரம் நிற்கும், கிட்டார் நிற்கும். அந்த நிசப்தத்தில் ரிக்கா ஒலிவாங்கியின் அருகே குனிந்து, சூப்பை ஆற்றுகிற மாதிரி ‘ஃபூ’ என்று ஊதுவாள். மேடையில் அவள் செய்கிற ஒரே குறும்பு அதுதான்.

இசைத்தட்டு வெளிவந்த ஞாயிற்றுக்கிழமை, என் கடைப் பாட்டுப் பெட்டியில் போட்டுக் கேட்டார்கள். மூன்று, மூன்று, மூன்று. நிசப்தம். ‘டப்.’ அப்புறம்தான் ‘ஃபூ’.

மொரோசுமி எழுந்து நின்றுவிட்டார்.

“யாரு இந்தக் கழுதை?”

திரும்பப் போட்டார். மறுபடியும் அதே இடத்தில், தன்னந்தனியாக, ‘டப்.’

“ரிக்கா ஊதுற இடத்துல போய் எவனோ கைதட்டியிருக்கான். இது இனிமே அழியாது. நாம செத்த பிறகும் இந்த டப் இருக்கும். இந்த ஆளை நான் கண்டுபிடிக்காம விடமாட்டேன். எந்தக் கிளையில இருந்தாலும் சரி, சங்கத்துல அவனுக்கு இடமில்லை!”

எல்லோரும் தலையாட்டினார்கள். நான் மசாயோவைப் பார்த்தேன். அவள் கை இரண்டும் மேஜைக்கு மேலே இல்லை. மடியில், சண்டை போட்ட பிள்ளைகளைப் பிடித்து வைப்பது போல ஒரு கையை மறு கை இறுக்கிப் பிடித்திருந்தது.

மறுநாள் முற்பகல் தனியாக வந்தாள். காபி வைத்தேன். அதைப் பார்த்துக்கொண்டு சொன்னாள்:

“மாஸ்டர், அது நான்தான்.”

“எது?”

“அந்த டப்.”

நான் கோப்பை துடைப்பதை நிறுத்தினேன்.

“கண்ணை மூடிக்கிட்டிருந்தேன். புதுப் பாட்டு, நிறுத்துவாங்கன்னு யாருக்குத் தெரியும்? ரிக்கா கையைத் தூக்கிக் காட்டினாங்களாம், எல்லாரும் நின்னுட்டாங்க. எனக்கு மூணு, மூணு, மூணுன்னு வந்துச்சா, அப்புறம் கை அதுவா போயிடுச்சு. நான் அடிக்கலை மாஸ்டர். கை அடிச்சுது.”

ஆடின காலும் பாடின வாயும் சும்மா இருக்காது என்பார்கள். தட்டின கையைப் பற்றி யாரும் சொல்லி வைக்கவில்லை.

“சொல்லிட்டுப் போங்களேன். ஒரு தட்டுதானே, கொலையா?” என்றேன்.

“உங்களுக்குப் புரியாது. நேத்து தலைவர் முகத்தைப் பார்த்தீங்கல்ல? இடமில்லைன்னு சொல்லிட்டாரு. அவர் சொன்னா சொன்னதுதான்.” கண்ணாடியைக் கழற்றித் துண்டால் துடைத்தாள். “சந்தையில நான் ஒரு தராசு மாஸ்டர். வீட்டுல டிவியோட பேசுறேன். நான் வந்தா நாற்காலியை இழுத்துப் போட்டு ‘உக்காருங்க’ன்னு சொல்றது இந்த மேஜையில மட்டும்தான். அதுவும் போச்சுன்னா நான் எங்க போவேன்?”

எனக்கு அவள் மீது இரக்கம் வந்தது. காட்டிக்கொள்ளவில்லை. “காபி ஆறுது,” என்றேன். “ஆறட்டும்,” என்றாள். சொன்ன பிறகுதான் அது பாட்டின் பெயர் என்று உறைத்து வாயைப் பொத்திக்கொண்டாள்.

அத்தோடு போயிருந்தால் நாளடைவில் எல்லோரும் மறந்திருப்பார்கள். அந்த நேரம் பார்த்துத்தான் கார்ட்டூன் வந்தது.

கடலுக்கு அந்தப் பக்கத்து டிவிக் கம்பெனி ஒன்று நெகோஜிதாவை வைத்துக் கார்ட்டூன் எடுத்தது. ரிக்காவும் செரியும் ஒரு வேனில் ஊர் ஊராகப் போய் வம்பில் மாட்டிக்கொள்கிற கதை. வாராவாரம் ஞாயிறு காலை, ஜப்பானிய மொழியில் குரல் கொடுத்து இங்கேயும் போட்டார்கள். படம் வரைந்தவர்களுக்கு யார் என்ன சொன்னார்களோ, அமைதியான ரிக்கா அதில் ஊரையே அதட்டுகிறாள், வாயாடி செரி மூலையில் உட்கார்ந்து பூ வரைகிறாள். சங்கம் கொதித்துப்போனது. குளிர்பதனப் பெட்டிக்கு மேலே இருந்த என் டிவியில், திட்டுவதற்காகவே ஒரு வாரம்கூடத் தவறாமல் பார்த்தார்கள்.

“ரிக்கா வாயைத் திறந்து ரெண்டு வார்த்தை சேர்ந்தாப்பல பேசி யாராவது பார்த்திருக்கோமா? அதட்டுறாளாம், அதட்டு!”

“அந்த முடி பாருங்க தலைவரே, முள்ளம்பன்றி மாதிரி!”

இரண்டாவது வாரம் கூட்டக் காட்சி ஒன்று வந்தது. பாட்டு முடிந்தது. நிசப்தம். கூட்டத்தின் நடுவே உருண்டையாக ஒரு பெண்பிள்ளை, தடித்த கண்ணாடி, கழுத்தில் துண்டு. கண்ணை மூடிக்கொண்டு தனியாக ஒரு தட்டு தட்டினாள். ‘டப்!’ உடனே மேடைத் திரை அறுந்து எல்லோர் தலையிலும் விழுந்தது. அடுத்த வாரம் அவள் தட்டியதும் பாலம் இடிந்தது. அதற்கடுத்த வாரம் வேனின் நான்கு சக்கரமும் கழன்று ஓடின. அவளுக்கு டப் அத்தை என்று பெயர் வைத்திருந்தார்கள். வரைந்த ஆள் ஒரு பத்திரிகைப் பேட்டியில் சொன்னானாம்: அந்த இசைத்தட்டை நாள் முழுக்கப் போட்டுக் கேட்டுக்கொண்டே வரைந்தானாம், எல்லாம் முடிந்த பிறகு தனியாக வந்த அந்த ஒரு சத்தத்தைக் கேட்டுச் சிரித்துச் சிரித்து, இதைத் தட்டினவள் இப்படித்தான் இருப்பாள் என்று வரைந்துவிட்டானாம். மசாயோவை அவன் கண்ணால் கண்டதில்லை. சத்தத்தைக் கேட்டே ஆளை வரைந்திருக்கிறான் பாவி.

அப்போது சங்கத்தில் புதிதாகச் சேர்ந்திருந்தவள் சிஹாரு. பாலர் பள்ளி ஆசிரியை, இருபத்து மூன்று வயது, கார்ட்டூனைப் பார்த்துவிட்டுப் பாட்டுக்கு வந்தவள். அதனாலேயே மற்றவர்களுக்கு அவள் மேல் கொஞ்சம் இளக்காரம். அவள் கபடில்லாமல் கைகொட்டிச் சிரித்தாள்.

“ஐயோ மசாயோ அக்கா, டப் அத்தை அப்படியே நீங்கதான்!”

மேஜையில் எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள். மசாயோ சிரிக்கப் பார்த்தாள், வரவில்லை. பேச்சை வெட்டினவர் மொரோசுமி.

“எங்க இருக்கு? மூக்கைப் பாரு. மூக்கே வேற. கண்ணாடி போட்டவங்க எல்லாம் ஒண்ணா?” என்று சிஹாருவைக் கடிந்துகொண்டார். பிறகு தொண்டையைக் கனைத்துக்கொண்டு, “அந்தத் தட்டைப் பத்தி நான் ஆராய்ச்சி பண்ணிட்டேன். அடிச்சது ஆம்பளை. ஐம்பது வயசு. விரல்ல மோதிரம். லேசா உலோகச் சத்தம் கேக்குது. வேற கிளை ஆளு,” என்றார்.

அன்றிலிருந்து வாரம் ஒரு துப்பு. அந்த ஆளுக்கு இடதுகைப் பழக்கம் என்பார். குடித்திருந்தான் என்பார். சைத்தாமா பக்கத்து ஆளாக இருக்கும் என்பார். சங்கம் முழுக்க மோதிரம் போட்ட ஐம்பது வயதுக்காரனைத் தேடியது. கோப்பை மாறினதைக் கண்டுபிடிக்கிற காது இதில் போய் இப்படிக் கோட்டைவிடுகிறதே என்று எனக்குத் தோன்றும். ரசிகப் பித்து முற்றினால் காதும் அடைத்துப்போகும் போல என்று நினைத்துக்கொள்வேன்.

மசாயோ ஞாயிறுதோறும் வந்தாள். அவளும் மோதிரக்காரனைத் திட்டினாள், கொஞ்சம் சுருதி குறைவாக. ஆனால் ஒன்று கவனித்தேன். பாட்டு ஓடும்போது முன்னெல்லாம் மேஜையில் தாளம் போடுவாள். இப்போது கோப்பையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். சந்தையிலும் அப்படித்தானாம். முதலாளி ‘இயோ!’ என்றால் பனிக்கட்டி எடுப்பது போலப் பின்பக்கம் போய்விடுவாளாம். குற்றமுள்ள நெஞ்சு குறுகுறுக்கும் என்பது சரிதான், ஆனால் என்ன பெரிய குற்றம் அது? ஒரு வழக்கத்தை வழக்கப்படி செய்தாள். எனக்குக் கோபம்தான் வந்தது. யார் மேல் என்று தெரியாததால் காபியைக் கொஞ்சம் கடுப்பாகப் போட்டேன்.

இதற்குள் டப் அத்தை ஊர் முழுக்கப் பரவிவிட்டாள். சிஹாருவின் பாலர் பள்ளியில் பிள்ளைகள் சாப்பிட்டு முடித்ததும் ஒரு ‘டப்’, மூக்குச் சிந்தினதும் ஒரு ‘டப்’. என் கடைக்கு எதிரே சைக்கிளில் இருந்து விழுந்த பையன் ஒருவன், அழ வேண்டியவன், எழுந்து நின்று ‘டப்’ என்று தட்டிவிட்டுப் போனான். ஒருநாள் மசாயோ கடைக்குள் நுழையும்போது ஒரு குட்டிப்பெண் அவளைச் சுட்டிக்காட்டி, “அம்மா! டப் அத்தை!” என்று கத்தினாள். தாய் தலை கவிழ்ந்து மன்னிப்புக் கேட்டாள்.

“பரவாயில்லை, பரவாயில்லை,” என்றாள் மசாயோ. உட்கார்ந்து வெகுநேரம் கழித்து என்னிடம், “அந்தக் குழந்தைக்கு என்னைப் பிடிச்சிருந்துச்சு மாஸ்டர். அந்தச் சந்தோஷத்தைக் கூட வெளிய சொல்ல முடியலை,” என்றாள்.

மூன்றாவது வருஷம் கார்ட்டூன் நின்றது. கொஞ்ச நாளில் நெகோஜிதாவும் நிற்கப்போவதாக அறிவிப்பு வந்தது. சண்டையெல்லாம் இல்லை, அலுத்துவிட்டது என்று செரி சொன்னாள். ரிக்கா வழக்கம்போல ஒன்றும் சொல்லவில்லை. கடைசிக் கச்சேரி உயெனோவில், பகல் நேரத்தில்.

இப்போது பழைய ரசிகர்களுக்கும் கார்ட்டூன் ரசிகர்களுக்கும் இடையே பெரிய கேள்வி ஒன்று முளைத்தது: ‘ஆறட்டும்’ பாட்டில் பத்தாவது தட்டு உண்டா, இல்லையா? பிள்ளைகள் தட்டியே தீருவார்கள். பழையவர்கள் தட்டவே கூடாது என்றார்கள். மொரோசுமி பின்மேஜையில் தீர்ப்புச் சொன்னார்.

“நம்ம வரிசை ஒன்பதோட நிக்கும். அவங்க பாட்டை எப்படிப் பண்ணாங்களோ, அப்படி. மத்தவங்க என்ன வேணா பண்ணட்டும்.”

மசாயோவுக்குத் தலைவருக்குப் பக்கத்து இடம் கிடைத்தது. போவதா வேண்டாமா என்று என் கடையில் வந்து முழங்கையை ஊன்றிக்கொண்டு யோசித்தாள்.

“கை போயிடுச்சுன்னா மாஸ்டர்? அவர் காதுகிட்டயே உக்காந்திருக்கேன். கண்டுபிடிச்சிருவாரு. கடைசி நாள்ல துரத்திட்டாருன்னா, இத்தனை வருஷமும் நான் அவங்களோட உக்காந்திருந்தது பொய்யாயிடும்.”

“கையைக் கட்டிக்கிட்டு உக்காருங்க.”

“கட்டினா அவிழ்த்துக்கும்.”

எனக்குப் பாட்டு பிடிக்காது என்று சொன்னேன் அல்லவா, நான் போகவில்லை. கடையைத் திறந்து வைத்துக்கொண்டு இருந்தேன். சாயங்காலம் எல்லோரும் சேர்ந்து வந்தார்கள். சிஹாரு கதவைத் திறக்கும்போதே ஆரம்பித்துவிட்டாள்.

“மாஸ்டர், நீங்க வந்திருக்கணும்! குட்டிப் பசங்க அத்தனை பேரும், மாடி வரைக்கும், ஒரே நேரத்துல டப்! கூரையே அதிர்ந்துச்சு. ரிக்கா சிரிச்சுட்டாங்க மாஸ்டர்! நிஜமா பல்லு தெரிஞ்சுது! அப்புறம்தான் ஃபூன்னு ஊதினாங்க!”

“எங்க வரிசை ஒன்பதோட நின்னுச்சு,” என்றார் மொரோசுமி, யாரோ கேட்டது போல.

மசாயோ வந்து கல்லாப் பக்கம் நின்றாள். மற்றவர்களுக்குக் கேட்காத குரலில் கேட்டேன்: “கை?”

“ஜாக்கெட் பையில விட்டு ஜிப்பை இழுத்துக்கிட்டேன்.” மூக்கை உறிஞ்சினாள். “ஊரே தட்டுச்சு மாஸ்டர். அதை ஆரம்பிச்சவ ஒருத்திதான் தட்டலை.”

அவள் அழவில்லை. அழுதிருந்தால் எனக்குக் கொஞ்சம் சுலபமாக இருந்திருக்கும். போய் உட்காருங்கள், காபி கொண்டுவருகிறேன் என்று அனுப்பினேன். எல்லோருக்கும் போட்டேன். அன்றைக்கு நல்ல கொட்டையாக எடுத்துப் போட்டேன், ஏன் என்று தெரியாது.

கோப்பைகளை வைத்துவிட்டுத் திரும்பும்போது மொரோசுமி எழுந்து நின்றார். சட்டைப் பையில் சுருதிக்கவையைச் சரிசெய்துகொண்டார்.

“நெகோஜிதா முடிஞ்சுது. சங்கமும் இன்னையோட முடியுது. முறைப்படி முடிப்போம். மாஸ்டர், நீங்களும் வாங்க.”

எல்லோரும் எழுந்து கையைத் தயாராக வைத்துக்கொண்டார்கள். மசாயோவும் எழுந்தாள். தெஜிமெயில் பத்தாவது தட்டு எல்லோரும் தட்டுவது. அதில் அவளுக்குப் பயமில்லை.

“இயோ!” என்றார் மொரோசுமி.

மூன்று. மூன்று. மூன்று. அந்த இடத்தில் அவர் ரிக்காவைப் போல ஒரு கையை உயரத் தூக்கினார். எல்லாக் கைகளும் பாதியில் நின்றன. மசாயோவின் கைகளும் ஒன்றையொன்று தொட ஒரு விரல் இடைவெளியில் நின்றுபோயின. மூன்று வருஷம் பழக்கி வைத்த கை அது.

கடையில் குளிர்பதனப் பெட்டியின் ரீங்காரம் மட்டும் கேட்டது. மொரோசுமி அவளையே பார்த்தார்.

“மசாயோ-சான். ஒண்ணு பாக்கி இருக்கு.”

அவள் முகம் வெளுத்துப்போயிற்று. “தலைவரே…”

“ஈரக் கை. பனிக்கட்டி அள்ளிக் காய்ச்சுப்போன உள்ளங்கை. இடது பக்கம், மூணாவது வரிசை. பியானோவுல எந்தத் தந்தி தளர்ந்திருக்குன்னு கேட்டே சொல்றவன் நான். இதைக் கூடவா தெரியாது?”

“ஆம்பளைன்னு சொன்னீங்களே! மோதிரம்னு சொன்னீங்களே!” என்று சிஹாரு கத்தினாள்.

அவர் காது மடல் சிவந்தது. அப்படி ஒரு மனிதர் தடுமாறி நான் பார்த்தது அன்றுதான்.

“முதல் நாள் கோவத்துல, இடமில்லைன்னு சொல்லிட்டேன். ராத்திரி வீட்டுல போட்டுக் கேட்டப்பவே தெரிஞ்சுபோச்சு யாருன்னு. சொன்ன வார்த்தையைத் திருப்பி வாங்க எனக்கு வரலை.” கொஞ்சம் நிறுத்தினார். “அதனால ஆளை மாத்திட்டேன்.”

யாரும் சிரிக்கவில்லை. அவருடைய தூக்கின கை இன்னும் இறங்கவில்லை.

“கை வலிக்குது மசாயோ-சான். அடிங்க.”

அவள் கண்ணை மூடிக்கொண்டாள். பிறகு அடித்தாள். ‘டப்.’ இசைத்தட்டில் கேட்ட அதே சத்தம், ஈரமாக, கனமாக, தனியாக.

அதன்பின், சுருதிக்கவை செருகிய சட்டையும் இறுக்கிய டையுமாக நின்ற மொரோசுமி, மேஜைக்கு மேல் குனிந்து, கன்னத்தை உப்பி, ‘ஃபூ’ என்று ஊதினார்.

மசாயோ பொத்தென்று நாற்காலியில் உட்கார்ந்தாள். சிரிக்கிறாளா அழுகிறாளா என்று அவளுக்கே தெரியவில்லை. வாயை எதையாவது வைத்து அடைத்தாக வேண்டும் என்பது போலக் கைக்குக் கிடைத்த கோப்பையை எடுத்து ஒரே மடக்காகக் குடித்தாள். “ஆ!” என்று அலறி நாக்கை நீட்டிக்கொண்டு கண்ணீர் விட்டாள். சிஹாரு தண்ணீருக்கு ஓடினாள். இருபது வருஷத்தில் என் காபியை அவள் சூடாகக் குடித்தது அது ஒரு தடவைதான்.